வேறு தேதியா, பணமா?

ஈப்போ
29.8.2025, வெள்ளிக்கிழமை

அன்புள்ள மிஸ்ஸி விமலா அவர்களுக்கு,

நான் நலம். நீங்களும் சாந்தினி குடும்பத்தாரும் நலமா என்று கேட்டு எழுதத்தான் வேண்டும். ஆனால் நேற்று உங்கள் எல்லோரையும் காக்க வைத்துவிட்டு அதை எழுத எனக்கே கூச்சமாக இருக்கிறது.

விமான நிலையத்திலிருந்து நான் போனில் கத்தியதில் உங்களுக்கு எவ்வளவு கேட்டதோ தெரியாது. நீங்கள் சொன்னதில் ‘பரவாயில்லை’ என்ற ஒரு சொல்தான் எனக்குக் கேட்டது. என் இடது காது நான் ஓய்வு பெறும் முன்பே ஓய்வு பெற்றுவிட்டது. வலது காதும் இப்போது விண்ணப்பம் போட்டிருக்கிறது. இவற்றை நம்ப முடியாமல்தானே நாம் இரண்டு வருடமாகக் கடிதத்திலேயே பேசிக்கொண்டிருக்கிறோம். ஆகவே நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

காலை ஒன்பதரைக்கே போய்விட்டேன். பன்னிரண்டு பத்துக்கு ஜொகூர் பாரு விமானம். ஆறு வருடம் முன் மனைவியைப் பறிகொடுத்தவன், அறுபத்தேழு வயதில் பெண் கேட்கப் புறப்பட்டிருக்கிறேன், அதற்குத் தாமதமாகப் போகலாமா? உங்கள் மகள் சாந்தினியிடமும் மருமகனிடமும் என்ன பேசுவது என்று ஒரு தாளில் குறித்துக்கூட வைத்திருந்தேன். நீங்கள் முன்கூட்டியே அவர்களிடம் சொல்லி வைத்திருப்பதால், பதிவுத் திருமணம், அதன் பிறகு தாப்பாவில் உங்கள் வீட்டிலேயே குடியிருப்பது, இந்த இரண்டையும் மட்டும் பேசினால் போதும் என்று நினைத்தேன்.

பதினோரு மணிக்கு விமானம் ரத்து என்று பலகையில் போட்டார்கள். காரணம் கேட்டால் ‘செயல்பாட்டுக் காரணம்’ என்றார்கள். ஒரு சீனத் தம்பதி சண்டை பிடித்தார்கள், ஒரு குழந்தை அழுதது, நான் வரிசையில் நின்றேன். என் முறை வந்ததும் கவுண்டரில் இருந்த பெண் வேறு தேதி வேண்டுமா, பணம் வேண்டுமா என்று கேட்டாள். நான் சற்றும் யோசிக்காமல் பணம் என்றேன். என் பின்னால் நின்றவர்கள் எதைக் கேட்பது என்று விழித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்கு முன் என் விண்ணப்பப் பாரம் பூர்த்தியாகிவிட்டது.

உங்களுக்கென்று வாங்கிய தம்பூன் பம்ளிமாஸ் பழம் நான்கையும் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் திரும்ப முடியவில்லை. அங்கிருந்த காவலாளிக்குக் கொடுத்துவிட்டேன். நல்ல மனிதர், இரண்டு முறை நன்றி சொன்னார்.

சாந்தினியிடமும் மகேந்திரனிடமும் என் மன்னிப்பைச் சொல்லுங்கள்.

அன்புடன்,
இராஜசிங்கம்


ஜொகூர் பாரு
3.9.2025

மாஸ்டர் ஐயாவுக்கு வணக்கம்.

உங்கள் கடிதம் நேற்றுக் கிடைத்தது. ஸ்டேஷன் மாஸ்டர் வேலையை விட்டு ஏழு வருடம் ஆனாலும் கையெழுத்து இன்னும் ரெஜிஸ்டரில் எழுதுவது போலத்தான் இருக்கிறது. இங்கே எல்லோரும் சுகம். பேரன் பாலர் பள்ளியில் யாரையோ கடித்துவிட்டு வந்திருக்கிறான், அது ஒன்றுதான் புதுச் செய்தி.

உங்கள் பக்கத்தை எழுதினீர்கள். எங்கள் பக்கத்தையும் கேளுங்கள். சாந்தினி விடிந்ததும் சந்தைக்குப் போய் நண்டு வாங்கி வந்து மசாலா போட்டாள். மகேந்திரன் சிங்கப்பூர் வேலைக்கு லீவு போட்டுவிட்டு உங்களை அழைத்து வர சினாய் விமான நிலையத்துக்குக் கிளம்பினார். பாதி வழியில் நான் போன் பண்ணி, எண்ணெய் நிலையத்தில் காரைத் திருப்பச் சொன்னேன். நான் வாடாமல்லி நிறப் புடவை கட்டியிருந்தேன். இதை எழுதக் கூடாது என்று நினைத்தேன், எழுதிவிட்டேன்.

விமானம் ரத்தானது உங்கள் குற்றம் இல்லை. அதற்காக எனக்குக் கொஞ்சமும் கோபம் கிடையாது. ஆனால் கவுண்டரில் அந்தப் பெண் உங்களிடம் இரண்டு கேள்வி கேட்டிருக்கிறாள். வேறு தேதியா, பணமா? நீங்கள் பணம் என்றிருக்கிறீர்கள். அதுவும் யோசிக்காமல். அதைப் பெருமையாக வேறு எழுதியிருக்கிறீர்கள். கடிதம் முழுக்கத் தேடிப் பார்த்தேன், அடுத்து எப்போது வருகிறீர்கள் என்று ஒரு வரி இல்லை. காவலாளி எத்தனை முறை நன்றி சொன்னார் என்பது இருக்கிறது.

சாப்பிட்டு முடித்ததும் சாந்தினி கேட்டாள், “அவரு அடுத்து எப்பம்மா வாராரு?” தெரியாது என்று சொல்லிவிட்டு மிச்ச நண்டை ஐஸ் பெட்டியில் போட்டேன்.

மாஸ்டர், முப்பது வருடம் ஆஸ்பத்திரியில் நர்ஸாக, எல்லோருக்கும் மிஸ்ஸியாக இருந்தவள் நான். வலிக்கிறதா என்று கேட்டால் இல்லை என்று சொல்லும் ஆட்களை நிறையப் பார்த்திருக்கிறேன். உங்களுக்கு மனசு மாறியிருந்தால் பூசி மெழுக வேண்டாம், ஒரு வரி எழுதினால் போதும். நாம் பழையபடி கடிதம் எழுதிக்கொண்டு இருக்கலாம். அதில் எனக்குக் குறை ஒன்றும் இல்லை.

பாரத்தின் நகலைப் பத்திரமாக வைத்திருங்கள். இந்தக் கம்பெனிகளை நம்ப முடியாது.

இப்படிக்கு,
விமலா


ஈப்போ
8.9.2025

அன்புள்ள மிஸ்ஸிக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்தேன். மூன்றாவது முறைதான் நான் செய்தது எவ்வளவு பெரிய மடத்தனம் என்று தெரிந்தது.

என்னை நம்புங்கள், பணம் என்று சொன்னது நான் இல்லை, என் வேலை. முப்பத்து நான்கு வருடம் ரயில்வேயில் நான் எல்லோருக்கும் சொல்லிக் கொடுத்த ரூல் அது. வெள்ளத்தில் தண்டவாளம் மூழ்கி ரயில் ரத்தாகும். பயணிகள் கவுண்டருக்கு ஓடி வந்து அடுத்த ரயிலுக்கு மாற்றித் தா என்பார்கள். நான் மாற்றித் தர மாட்டேன். முதலில் பணத்தைக் கையில் வாங்கு, அதன் பிறகு புது டிக்கெட் எடு என்பேன். மாற்றிய டிக்கெட்டுக்கான ரயிலும் ரத்தானால் பணமும் கிடைக்காது, பயணமும் கிடைக்காது. அப்படி ஏமாந்து என் பிளாட்பாரத்தில் உட்கார்ந்து அழுதவர்களைப் பார்த்திருக்கிறேன். ஆகவே, அந்தப் பெண் கேட்டதும் வாய் தானாகச் சொல்லிவிட்டது. அங்கே நின்றது உங்கள் ஆள் இல்லை, தாப்பா ரோடு ஸ்டேஷன் மாஸ்டர்.

அந்த ரூலே இப்போது என் காலை வாரிவிட்டது. பணம் கேட்டதற்கு விமானக் கம்பெனியிடமிருந்து மின்னஞ்சல் வந்திருக்கிறது. தர முடியாதாம். நான் முதல் நாளே, அதாவது 27ஆம் தேதி புதன்கிழமை காலை 9.22க்கே இணையத்தில் செக்-இன் செய்துவிட்டேனாம். அவர்கள் கணினியில் நான் பயணத்தைத் தொடங்கிவிட்ட ஆளாக இருக்கிறேனாம். விமானமே பறக்காதபோது நான் எப்படிப் பறந்தேன் என்று கேட்டு எழுதினேன். முதல் நாளே செக்-இன் செய்த காரணத்தை எழுத்தில் தெரிவித்தால் பரிசீலிக்கிறோம் என்று பதில் வந்தது. என்ன காரணம் சொல்வது? போனை நோண்டிக்கொண்டிருந்தபோது கை பட்டுவிட்டது என்று எழுதலாமென்று இருக்கிறேன்.

ஈப்போவில் தினமும் மாலையில் மழை. உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது?

அன்புடன்,
இராஜசிங்கம்


ஜொகூர் பாரு
12.9.2025

மாஸ்டர் ஐயாவுக்கு,

கை பட்டுவிட்டதா? யாருக்குக் காது குத்துகிறீர்கள்? போன மாதம் நான் இங்கிருந்து பினாங்குக்குப் போக மகேந்திரன் எனக்குச் செக்-இன் செய்து கொடுத்தார். பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். பதிவு எண் போட வேண்டும், பெயர் போட வேண்டும், அடையாள அட்டை எண் போட வேண்டும், இருக்கை பார்க்க வேண்டும், ஆபத்தான பொருள் இல்லை என்று நாலு இடத்தில் சம்மதிக்க வேண்டும். இத்தனையும் கை பட்டு நடக்குமென்றால் அந்தக் கையை மியூசியத்தில்தான் வைக்க வேண்டும்.

புதன்கிழமை காலை 9.22க்கு என்ன செய்துகொண்டிருந்தீர்கள்? கம்பெனிக்கு என்ன எழுதுகிறீர்களோ எழுதுங்கள். எனக்கு உண்மையை எழுதுங்கள்.

உங்கள் ரயில்வே ரூலை நான் பாதி ஏற்றுக்கொள்கிறேன். பணம் முதலில், சரி. புது டிக்கெட் பிறகு, அதுவும் சரி. அந்தப் புது டிக்கெட் எங்கே? இன்றோடு பதினைந்து நாள் ஆகிவிட்டது.

அவசரப்படுத்துகிறேன் என்று நினைக்காதீர்கள். காரணம் இருக்கிறது. கேமரன் மலையிலிருந்து காய்கறி லாரி ஓட்டும் பத்துமலை என்பவர் என் தாப்பா வீட்டை வாடகைக்குக் கேட்கிறார். நல்ல குடும்பம். இரண்டு வருடத்துக்கு எழுதிக் கையெழுத்துப் போட வேண்டுமாம். இந்த மாதக் கடைசிக்குள் சொல்லச் சொல்கிறார். அம்மா வேலை செய்த ரப்பர் தோட்டத்தைத் துண்டு போட்டு விற்றபோது எங்களுக்குக் கிடைத்தது அந்த ஒரு வீடுதான். அதைக் கொடுத்துவிட்டால் நாம் எங்கே இருப்பது? உங்கள் மனைவி சரஸ் அக்கா வாழ்ந்த ஈப்போ வீட்டுக்கு நான் வர மாட்டேன் என்று முன்பே சொல்லியிருக்கிறேன். ஆகவே, நீங்கள் வருவீர்களா இல்லையா என்று தெரிந்துதான் நான் அவருக்குப் பதில் சொல்ல முடியும்.

முழங்கால் வலிக்கிறது. கேட்டதற்கு நன்றி.

விமலா


ஈப்போ
17.9.2025

அன்புள்ள விமலா,

இன்று புரட்டாசி முதல் நாள். பொய் சொல்லக் கூடாது. சொல்லிவிடுகிறேன், சிரிக்காதீர்கள்.

நான் ராகுகாலம், எமகண்டம் பார்க்கிறவர்களைக் கிண்டல் செய்வது உங்களுக்குத் தெரியும். ரயில் ராகுகாலத்தில் புறப்படாதென்றால் நாட்டில் பாதி ரயில் ஷெட்டில்தான் நிற்கும் என்று பயணிகளிடம் சொல்லிச் சிரித்தவன். அப்படிப்பட்டவன் செவ்வாய்க்கிழமை மாலை நாட்காட்டித் தாள்களைப் புரட்டும்போது கண்ணில் பட்டது: வியாழன், தெற்கே சூலம். ஜொகூர் எந்தத் திசை? நேர் தெற்கு. அதைப் பார்த்ததிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. மற்ற பயணம் என்றால் கவலைப்பட்டிருக்க மாட்டேன். இது கெட்டுப் போகக் கூடாது என்று இருந்தது.

எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. பரஸ்தானம் என்பார்கள். புறப்படும் நாள் சரியில்லை என்றால், முதல் நாள் நல்ல நேரத்தில் துணிப்பையைக் கொண்டுபோய்ப் பக்கத்து வீட்டில் வைத்துவிடுவார்கள். பயணம் அப்போதே தொடங்கிவிட்டதாகக் கணக்கு. மறுநாள் எந்த நேரத்தில் போனாலும் தோஷம் இல்லை. நானும் பையைக் கட்டிவிட்டேன். ஆனால் இடது பக்கத்து வீட்டார் ஊரில் இல்லை. வலது பக்கத்துக் கனகராஜிடம் கொடுத்தால் எங்கே, எதற்கு என்று கேட்பார். என்ன சொல்வது? அப்போதுதான் யோசனை வந்தது. செக்-இன் செய்தாலும் பயணம் தொடங்கிய மாதிரிதானே? புதன்கிழமை விநாயகர் சதுர்த்தி, ஒன்பதே காலிலிருந்து நல்ல நேரம். குளித்து, விபூதி பூசி, பிள்ளையாருக்கு ஒரு தேங்காய் உடைத்துவிட்டு, போனை எடுத்து அழுத்தினேன். முடித்தபோது 9.22 போலிருக்கிறது. என் பயணம் தொடங்கிவிட்டது என்று நான் நம்பினேனோ இல்லையோ, அந்தக் கணினி நம்பிவிட்டது.

இதை எழுதினால் கம்பெனிக்காரர்கள் என்னைத் தஞ்சோங் ரம்புத்தான் மனநல ஆஸ்பத்திரிக்கு அனுப்பிவிடுவார்கள் என்று பயந்தேன். இருந்தாலும் நேற்று மலாயில் இரண்டு பக்கம் எழுதி அனுப்பிவிட்டேன். பரஸ்தானத்துக்கு மலாயில் சொல் தேடி அலுத்து, கடைசியில் எங்கள் ‘அடாட்’, அதாவது எங்கள் வழக்கம் என்றே போட்டேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் இந்தக் கடிதமும் பூசி மெழுகியதாகிவிடும். ரத்து என்று பலகையில் வந்தபோது எனக்கு முதலில் வந்தது நிம்மதி. ஆம், நிம்மதிதான். இந்த வயதில் எங்கள் அம்மாவுக்கு எதற்கு இது என்று சாந்தினி கேட்டால் என்ன சொல்வேன் என்று காலையிலிருந்து நெஞ்சு அடித்துக்கொண்டிருந்தது. இன்றைக்கு அவள் முன்னால் நிற்க வேண்டாம் என்றதும் உடம்பு லேசாகிவிட்டது. பஸ்ஸில் ஏறி மேடான் கிட் பஸ் நிலையம் வருவதற்குள் அந்த நிம்மதி போய்விட்டது. வீட்டுக் கதவைத் திறந்து உள்ளே வந்தபோது, எனக்கு இதைவிட ஒரு நஷ்டம் இனிமேல் வராது என்று தோன்றியது.

நான் உங்களைத் திருமணம் செய்துகொள்ள விரும்புகிறேன். பயமாக இருக்கிறது. இரண்டுமே உண்மை.

உங்கள்,
இராஜசிங்கம்


ஜொகூர் பாரு
21.9.2025, மகாளய அமாவாசை

மாஸ்டர்,

நிம்மதி என்று நீங்கள் எழுதிய இடத்தில் கடிதத்தை மூடி வைத்துவிட்டுப் போய்ச் சோறு வடித்தேன். பிறகு வந்து மிச்சத்தைப் படித்தேன். கோபம் வரவில்லை. இதைச் சொல்லத் துணிச்சல் வந்ததே என்று சந்தோஷமாகக்கூட இருந்தது.

சூலத்துக்கும் நான் சிரிக்கவில்லை. கொஞ்சம் சிரித்தேன். தேங்காய் உடைத்துவிட்டுச் செக்-இன் செய்த மனுஷனை நான் எங்கே போய்த் தேடுவேன்? நீங்கள் என்னிடம் வருவதற்காக அவ்வளவு பாடுபட்டீர்கள் என்று தெரிந்ததும் மனசு குளிர்ந்துவிட்டது.

ஆனால் அந்தக் கடிதத்தில் ஒரு வரி முள்ளாகக் குத்துகிறது. கனகராஜ் கேட்டால் என்ன சொல்வது என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த வரி. என்ன சொல்வதா? ‘தாப்பா ஆஸ்பத்திரியில் இருந்த விமலாவைக் கட்டிக்கொள்ளப் போகிறேன்’ என்று சொல்வது. வேறென்ன? பக்கத்து வீட்டில் பையை வைப்பது எதற்கு? நான் கிளம்பிவிட்டேன் என்று ஒரு மனுஷனுக்குத் தெரிய வேண்டும் என்பதற்குத்தானே. நீங்கள் மனுஷனை விட்டுவிட்டு மெஷினிடம் சொல்லியிருக்கிறீர்கள். அது யாரிடமும் போய்ச் சொல்லாது என்பதால்.

கோலாலம்பூரில் இருக்கும் உங்கள் அக்கா அன்னபாக்கியத்திடம் சொன்னீர்களா? சொல்லியிருக்க மாட்டீர்கள். நான் பால் மரம் வெட்டிய ராக்காயியின் மகள். நீங்கள் யாழ்ப்பாணத்து உத்தியோகக் குடும்பம். எங்கள் தோட்டத்தில் உங்கள் ஆட்கள் கிராணியாக ஆபீஸில் உட்கார்ந்து பேர் எழுதினார்கள், நாங்கள் வெயிலில் நின்று பேர் கொடுத்தோம். அது எனக்கு மறந்துவிட்டது. உங்கள் அக்காவுக்கு மறந்திருக்காது. அதுதான் உங்கள் பயமென்றால் அதையும் எழுதியிருக்கலாம்.

நான் ஒளிந்துகொண்டு வாழ மாட்டேன், மாஸ்டர். மாதக் கடைசிக்குள் ஒருவரிடம் சொல்லுங்கள். யாராக இருந்தாலும் சரி. சொன்னால் எனக்கு எழுதுங்கள். எழுதாவிட்டால் பத்துமலைக்குச் சாவியைக் கொடுத்துவிடுவேன்.

விமலா


ஈப்போ
24.9.2025

அன்புள்ள விமலாவுக்கு,

இரண்டு பேரிடம் சொல்லிவிட்டேன்.

முதலில் கனகராஜ். நேற்று மாலை வேலிக்கு அந்தப் பக்கம் வாழையில் காய்ந்த இலைகளை வெட்டிக்கொண்டிருந்தார். நான் இந்தப் பக்கம் நின்று தொண்டையைக் கனைத்து, மழை, காய்கறி விலை, எல்லாம் பேசிவிட்டு, கடைசியில் எப்படியோ சொல்லி முடித்தேன். அவர் கத்தியைக் கீழே வைக்கக்கூட இல்லை. “அண்ணே, ஜொகூர் கடுதாசி பாதி என் பெட்டியிலதான் விழுது. ரெண்டு வருசமா நான்தானே எடுத்தாந்து குடுக்கறேன். கல்யாணச் சாப்பாடு எப்பன்னு கேட்டா நீங்க கூச்சப்படுவீங்கன்னுதான் சும்மா இருந்தேன்லா.” உள்ளே போய் மனைவியிடமும் சொல்லிவிட்டார். இன்று காலை அந்த அம்மாள் கேசரி கொண்டு வந்து கொடுத்தார்.

அடுத்து அக்கா. நீங்கள் எழுதியது சரி. அது என் பயத்தில் பெரிய பங்கு. எழுத வெட்கமாக இருந்ததால்தான் எழுதவில்லை. போனை ஒலிபெருக்கியில் போட்டு, வலது காதை அதன்மேல் வைத்துக்கொண்டு சொன்னேன். அக்கா எங்கள் வழக்கப்படி சாதியைத்தான் முதலில் கேட்டாள்:

“எந்த ஆக்கள்?”

“தாப்பா ஆக்கள், அக்கா. தோட்டத்திலே பிறந்தவ. நம்ம சரஸை கடைசி நாலு மாசம் பார்த்துக்கொண்டது அவதான்.”

அக்கா போனை வைத்துவிட்டாள். இதுவரை கூப்பிடவில்லை. எனக்கு வருத்தம்தான், இல்லை என்று சொல்ல மாட்டேன். என்னைத் தோளில் தூக்கி வளர்த்தவள். ஆனால் போனை வைத்த பிறகு நான் நன்றாகச் சாப்பிட்டேன், நன்றாகத் தூங்கினேன். ஒரு மாதமாக எனக்கு இந்தத் தூக்கம் வரவில்லை. அவளாகப் பேசினால் சந்தோஷம். பேசாவிட்டாலும் நான் சொன்னது சொன்னதுதான்.

விமானக் கம்பெனியும் பதில் எழுதிவிட்டது. ‘தங்கள் அடாட்டை மதிக்கிறோம்’ என்று ஒரு பெண் அதிகாரி எழுதியிருக்கிறார். முப்பது வேலை நாளுக்குள் முழுப் பணமும் வந்துவிடுமாம். கீழே, அலுவலகக் கடிதத்தில் எழுதக் கூடாதுதான், இருந்தாலும் கேட்கிறேன், அந்த அம்மா சம்மதித்தாரா என்று மலாயில் ஒரு வரி சேர்த்திருக்கிறார். பெண் கேட்கப் போகும் பயணம் என்று அந்த இரண்டு பக்கத்தில் எழுதியிருந்தேன், எண்ணிப் பார்த்தால் என் கல்யாண விஷயத்தை நான் முதலில் சொன்னது அவரிடம்தான்.

அந்தப் பணம் கைக்கு வருவதற்குள் தீபாவளி தாண்டிவிடும். அதுவரை என்னால் காத்திருக்க முடியவில்லை. பென்ஷன் பணத்தில் புது டிக்கெட் எடுத்துவிட்டேன். முப்பத்து நான்கு வருட ரூலை உங்களுக்காக மீறியிருக்கிறேன், இதை யாரும் ரெஜிஸ்டரில் எழுத வேண்டாம். அக்டோபர் 9, அதே பன்னிரண்டு பத்து விமானம். அன்றைக்கும் வியாழக்கிழமைதான். தெரிந்தேதான் எடுத்தேன்.

பத்துமலைக்கு நீங்கள் என்ன சொல்லப் போகிறீர்கள்?

உங்கள்,
இராஜசிங்கம்


ஜொகூர் பாரு
29.9.2025, திங்கட்கிழமை

அன்புள்ள உங்களுக்கு,

வேலியோரம் நின்று மழையும் காய்கறி விலையும் பேசிய உங்களை நினைத்து நினைத்துச் சிரித்தேன். அக்கா போனை வைத்த இடத்தைப் படித்தபோது அழுதேன். கடிதம் கிடைத்தது வெள்ளிக்கிழமை. உடனே பதில் எழுத முடியவில்லை. நான் செய்யாமல் விட்ட ஒரு வேலை இருந்தது. அதை முடித்துவிட்டுத்தான் எழுத முடியும்.

உங்களை அவ்வளவு பேசினேனே, ஒருவரிடமாவது சொல்லுங்கள் என்று அதிகாரம் செய்தேனே, நான் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை. சாந்தினியிடமும்தான். ‘ஆஸ்பத்திரியில் தெரிந்தவர், சும்மா பார்த்துவிட்டுப் போக வருகிறார்’ என்று மட்டும்தான் சொல்லியிருந்தேன். நீங்கள் வந்து பெண் கேட்டிருந்தால் அவளுக்கு அப்போதுதான் தெரிந்திருக்கும். எப்படிச் சொல்வது என்று தெரியாமல் மென்று விழுங்கிக்கொண்டே இருந்து, கடைசியில் அந்தப் பாரத்தை உங்கள் தலையில் வைக்கப் பார்த்தேன். நீங்கள் விமான நிலையத்திலிருந்து போன் பண்ணியபோது எனக்கும் முதலில் வந்தது நிம்மதிதான். உங்கள் கடிதத்தில் அந்தச் சொல்லைப் பார்த்ததும் என் குட்டு வெளிப்பட்ட மாதிரி இருந்தது. அதனால்தான் எழுந்து போய்ச் சோறு வடித்தேன். என்னை மன்னித்துவிடுங்கள்.

சனிக்கிழமை காலை சாந்தினியைக் கட்டிலில் உட்கார வைத்துச் சொன்னேன். அவள் என்னைப் பார்க்காமலே கேட்டாள். “இவ்வளவு நாள் கழிச்சு எனக்குச் சொல்றியேம்மா.” எழுந்து போய் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அவள் அப்பா இறந்து பதினோரு வருடம் ஆகிறது. நான் இந்த வீட்டில் மூன்று வருடமாக இருக்கிறேன், அவள் வேலைக்குப் போனால் பிள்ளையைப் பார்த்துக்கொள்வது நான், சமைப்பது நான். அவள் எதை நினைத்து அழுதாள் என்று எனக்குத் தெரியும். மகேந்திரன் மட்டும் வந்து, “விடுங்க அத்தை, நான் பேசறேன்” என்றார். நான் வேண்டாம் என்றேன். இது எனக்கும் அவளுக்கும் உள்ளது.

நேற்று மத்தியானம் துணி மடித்துக்கொண்டிருந்தபோது அவளாக வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். நீங்கள் குடிப்பீர்களா என்று கேட்டாள். இல்லை என்றேன். என்னை நன்றாகப் பார்த்துக்கொள்வாரா என்று கேட்டாள். அது எனக்குத் தெரியாது, நான் அவரை நன்றாகப் பார்த்துக்கொள்வேன் என்றேன். இரண்டு துவாலையை எடுத்து மடித்தாள். பிறகு சொன்னாள்:

“தாப்பா வீட்டுல பின் ரூமுக்கு ஃபேன் இல்லம்மா. நாங்க வந்தா புள்ள எப்புடித் தூங்குவான்? ஒண்ணு வாங்கி மாட்டிடலாம்.”

இன்று காலை பத்துமலைக்குப் போன் பண்ணி, வீடு கிடையாது என்று சொல்லிவிட்டேன். அவர் சங்கடப்பட்டார். அவருக்கு வேறு வீடு பார்த்துத் தர ஆஸ்பத்திரித் தோழி புஷ்பலதாவிடம் சொல்லியிருக்கிறேன்.

உங்கள் அக்காவுக்கு நான் ஒரு கடிதம் எழுதலாமென்று இருக்கிறேன். நியாயம் கேட்க இல்லை. சரஸ் அக்கா கடைசி நாட்களில் அவர்களைப் பற்றி என்னிடம் நிறையப் பேசுவார். அதில் ஒன்றிரண்டு அவர்களுக்குத் தெரிந்திருக்காது. நீங்கள் சரி என்றால் அனுப்புகிறேன்.

9ஆம் தேதி வியாழக்கிழமை நாங்கள் எல்லோரும் சினாய்க்கு வருகிறோம், சாந்தினியும் வருகிறாள். இந்த முறையும் ரத்து என்று பலகையில் போட்டால் கவுண்டர் பக்கமே போகாதீர்கள். அமான் ஜெயாவுக்குப் போய் பஸ் ஏறுங்கள். எட்டு மணி நேரமானாலும், பத்து மணி நேரமானாலும் லார்க்கின் பஸ் நிலையத்தில் நான் நிற்கிறேன்.

உங்கள்,
விமலா